போலகத்துப் பாட்டுக்காரர்

சினிமா இசையமைப்பாளர் என்றாலே நமக்கு இளையராஜா, ரஹ்மான் பேர்தான் வாயில் வரும். அவர்களுக்கெல்லாம் பாட்டன் மாதிரி ஒருவர் நம்ம காரைக்காலுக்குப் பக்கத்து மண்ணில் பிறந்திருக்கிறார். அவர்தான் பாபநாசம் சிவன். பேரில் பாபநாசம் இருந்தாலும் பிறந்தது அன்றைய தஞ்சாவூர் ஜில்லா, நாகப்பட்டினம் தாலுகா போலகம் கிராமம். 1890 செப்டம்பர் 26. இயற்பெயர் ராமய்யா.

ஏழு வயதிலேயே அப்பா போய்விட்டார். அம்மா யோகாம்பாள் பிள்ளைகளோடு திருவனந்தபுரம் போனார். அங்கே மகாராஜா சமஸ்கிருதக் கல்லூரியில் வியாகரணம் படித்துப் பட்டம் வாங்கினார் ராமய்யா. நீலகண்ட சிவனின் பஜனையில் பாட்டும் ஒட்டிக்கொண்டது. 1910-ல் அம்மாவும் இறந்தபின் கோயில் கோயிலாகப் பாடித் திரிந்தார். பட்டம் வாங்கின பிள்ளை இப்படித் திரிஞ்சா எங்க வீட்ல என்ன சொல்லுவாங்க! எங்க குடும்பத்துல முதல்ல படிக்க வந்தவன் நான். டிப்ளமோ முடிச்சதும் வேலைன்னு தெருவே காத்துக்கிட்டிருக்கு. ஆனா அவருக்கு அந்தத் திரிதல்தான் பட்டறை. பாபநாசத்தில் அண்ணன் வீட்டில் தங்கி, உடம்பெல்லாம் திருநீறோடு பாடினவருக்கு ஜனங்கள் வைத்த பேர்தான் சிவன். முதல் கீர்த்தனை திருவாரூர் தியாகராஜர் மேல், குந்தலவராளி ராகத்தில்.

1934-ல் ‘சீதா கல்யாணம்’ மூலம் சினிமாவுக்கு வந்தார். ‘அம்பிகாபதி’, ‘அசோக்குமார்’, ‘சிவகவி’ என்று வரிசையாகப் படங்கள். ‘தியாகபூமி’யில் (1939) சம்பு சாஸ்திரியாக நடித்தும் இருக்கிறார். அந்தப் படத்தை வெள்ளைக்கார சர்க்கார் தடை செய்தது தனிக்கதை.

இப்போது மெட்டு ஒருவர், வரி ஒருவர். சிவனிடம் இரண்டும் ஒன்றாகவே பிறக்கும். ராகத்தைப் பிடித்துக்கொண்டு சொல் வரும். வாத்தியங்களைச் சேர்த்து அமைக்கிற வேலையை ஜி. ராமநாதன் பார்த்துக்கொள்வார். இந்தக் கூட்டணியில் வந்த ‘ஹரிதாஸ்’ (1944) சென்னை பிராட்வே தியேட்டரில் மூன்று தீபாவளி கண்டது. அதில் பாகவதர் பாடிய சாருகேசி பாட்டால், கச்சேரிக்காரர்கள் அதிகம் தொடாத அந்த ராகமே ஊரெல்லாம் பரவியது.

எங்க தாத்தா அந்தப் படத்தைக் கூரைக் கொட்டகையில பார்த்தவர். கையெழுத்துப் போடத் தெரியாது, கைநாட்டுதான். ஆனா பெத்தவங்களைப் பத்தின அந்தப் படத்துப் பாட்டை ஒரு சங்கதி விடாம பாடுவார். எழுதினவரோ சமஸ்கிருதச் சொல்லகராதியே தொகுத்த பண்டிதர்! பள்ளியில் படித்தது மலையாளமும் சமஸ்கிருதமும். அப்படிப்பட்டவர் பாட்டுக்குத் தமிழைத்தான் எடுத்தார். அதுவும் வலை இழுக்கிறவர் வாயிலும் நிற்கிற தமிழ். படிப்பு அவரை ஜனங்களிடமிருந்து பிரிக்கவில்லை. எனக்கு அவரிடம் ரொம்பப் பிடித்ததும் இதுதான்.

சினிமாவில் பேர் வாங்கின பிறகும் மயிலாப்பூர் மாட வீதியில் மார்கழி பஜனையை அவர் விடவில்லை. கோயில் பாட்டு உசத்தி, கொட்டகைப் பாட்டு மட்டம் என்று பார்க்காதவரை மியூசிக் அகாடமியும் மதித்தது. 1971-ல் சங்கீத கலாநிதி, 1972-ல் பத்மபூஷண். 1973 அக்டோபர் 1-ல் காலமானார்.