இடம் இல்லை என்று எரித்தார்கள். எடுத்துக் காத்தார் தமிழ்த் தாத்தா!

வீட்டில் பரண் நிரம்பிவிட்டது. புதுச் சாமான் வைக்க இடம் இல்லை. பழையதைத் தூக்கி எறிய வேண்டியதுதான்.

இந்தத் தொல்லை இன்று பிள்ளைகளின் கையிலும் வந்துவிட்டது. கையில் வைத்து ஆடும் வீடியோ கேம் கருவியில் இடம் நிரம்பிவிட்டால் புதிய ஆட்டம் ஏறாது. பழையதை அழித்தால்தான் புதியதற்கு வழி.

ஆனால், எதை அழிப்பது? எதை வைத்துக்கொள்வது? அவசரப்பட்டு அழித்துவிட்டால் திரும்பக் கிடைக்குமா?

இந்தக் கேள்விகளுக்குத் தம் வாழ்நாளையே பதிலாகத் தந்தார் ஒரு பெரியவர். அவர்தான் தமிழ்த் தாத்தா உ. வே. சாமிநாதையர்.

பாட்டுக்காரர் வீட்டுப் பிள்ளை

தஞ்சை ஜில்லாவில் பாபநாசத்துக்கு அருகே உத்தமதானபுரம் என்று ஒரு சிற்றூர். அந்த ஊரைச் சேர்ந்தவர் வேங்கடசுப்பையர். சங்கீதத்தில் வல்லவர். இராமாயணக் கதை சொல்லிக் குடும்பம் நடத்தி வந்தார். அவருடைய மனைவி சரசுவதி அம்மாள்.

1855-ம் ஆண்டு பிப்ரவரி 19-ந் தேதி இவர்களுக்கு ஓர் ஆண் குழந்தை பிறந்தது. வேங்கடராமன் என்று பெயர் வைத்தார்கள். வீட்டில் சாமிநாதன் என்று அழைத்தார்கள். அந்தப் பெயரே நிலைத்தது.

மகன் தம்மைப் போலச் சங்கீதத்தில் சிறக்க வேண்டும் என்பது தந்தையின் ஆசை. மகனுக்கோ தமிழ் மேல் பித்து. தந்தை அதற்குத் தடை போடவில்லை. நல்ல தமிழ் ஆசிரியர் எந்த ஊரில் இருக்கிறாரோ அந்த ஊருக்குக் குடும்பத்தோடு குடி பெயர்ந்தார். அரியலூர், குன்னம் என்று ஊர் ஊராக மாறினார்கள். கையில் காசு இல்லை. ஆனாலும் பிள்ளையின் படிப்பு நிற்கவில்லை.

குருவின் நிழலில்

அந்நாளில் தமிழ்நாட்டின் தலைசிறந்த புலவர் மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளை. மாயூரத்தில் இருந்தார். 1871-ம் ஆண்டு சாமிநாதன் அவரிடம் மாணவராகச் சேர்ந்தார்.

அதே ஊரில் கோபாலகிருஷ்ண பாரதியாரும் இருந்தார். சிதம்பரம் நடராசரைக் காண ஏங்கிய நந்தனாரின் கதையைக் கீர்த்தனையாகப் பாடியவர் அவர். சாமிநாதன் அவரிடம் சங்கீதமும் கற்கத் தொடங்கினார். தமிழ் படிக்கிற நேரத்தைச் சங்கீதம் விழுங்கிவிடும் என்று குரு எண்ணினார். குருவின் மனம் அறிந்து மாணவர் சங்கீதத்தை விட்டார். ஒன்றுக்கு இடம் வேண்டும் என்றால் மற்றொன்றை விடத்தான் வேண்டும் என்பதை இளம் வயதிலேயே அவர் கண்டுகொண்டார்.

1876-ல் குரு மறைந்தார். அதன் பிறகு திருவாவடுதுறை ஆதீனம் சாமிநாதையரை ஆதரித்தது. 1880-ல் கும்பகோணம் அரசாங்கக் கல்லூரியில் தமிழாசிரியர் வேலை கிடைத்தது. அப்பொழுது அவருக்கு வயது 25.

முன்சீப் கேட்ட கேள்வி

அதே ஆண்டு அக்டோபர் 21-ந் தேதி. கும்பகோணத்துக்கு முன்சீப்பாக வந்திருந்த சேலம் இராமசாமி முதலியாரைப் பார்க்க ஐயர் போனார்.

என்னென்ன நூல் படித்திருக்கிறீர்கள் என்று முதலியார் கேட்டார். அந்தாதி, கோவை, உலா, பிள்ளைத்தமிழ், புராணம் என்று ஐயர் அடுக்கினார். நூற்றுக்கணக்கான நூல்கள்! முதலியார் அசையவில்லை. சீவக சிந்தாமணி படித்ததுண்டா, மணிமேகலை படித்ததுண்டா என்று கேட்டார்.

இல்லை என்பதுதான் பதில். அவை எழுதப்பட்ட சுவடிகளைப் பார்ப்பதே அரிது.

முதலியார் சிந்தாமணிப் பிரதி ஒன்றைக் கொடுத்தார். ஐயர் அதை வாங்கிப் படித்தார். தெரியாத தமிழ் ஒன்று கண்முன் விரிந்தது. சிந்தாமணி சமண முனிவர் எழுதிய காப்பியம். ஆகவே கும்பகோணத்தில் இருந்த சமணர் வீடுகளுக்கு நடந்தார். அவர்களிடம் மாணவரைப் போல் உட்கார்ந்து சந்தேகம் கேட்டார். அன்று தொடங்கிய வேலை அவர் மூச்சு நிற்கும் வரை நிற்கவில்லை.

ஓலையில் இடப் பஞ்சம்

பழைய நூல்கள் யாவும் பனையோலையில் இருந்தன. ஓலையைப் பதப்படுத்தி, நறுக்கி, துளையிட்டு, கயிற்றில் கோத்து, எழுத்தாணியால் கீறி எழுதுவார்கள். கையில் அடங்கும் கட்டு அது. அகலம் கொஞ்சம்தான். ஆகவே இடத்தை வீணாக்க மாட்டார்கள்.

எழுத்துக்குப் புள்ளி வைக்க மாட்டார்கள். புள்ளி குத்தினால் ஓலை கிழியும். குறிலுக்கும் நெடிலுக்கும் பல இடங்களில் ஒரே கொம்பு. சொல்லுக்குச் சொல் இடைவெளி கிடையாது. பாட்டு முடிந்து உரை தொடங்குகிற இடம்கூடத் தெரியாது. எல்லாம் ஒரே சங்கிலி!

இதனால் இடம் மிச்சம். ஆனால் படிப்பவருக்குப் பெரும்பாடு. எது பாட்டு, எது உரை, எது மேற்கோள் என்று ஐயர் ஒவ்வொன்றாகப் பிரித்தார். ஒரு சுவடியில் பிழை இருந்தால் வேறு சுவடியைத் தேடினார். பல ஊர்ப் பிரதிகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டார்.

நெருப்பில் போன நூல்கள்

சுவடி தேடி அவர் போகாத ஊர் குறைவு. இரயிலிலும், மாட்டு வண்டியிலும், கால்நடையாகவும் அலைந்தார்.

திருநெல்வேலிச் சீமையில் கரிவலம்வந்தநல்லூர் என்று ஓர் ஊர். வரகுணராம பாண்டியர் என்ற மன்னர் சேர்த்து வைத்த சுவடிகள் அங்கே கோயிலில் உண்டு என்று கேள்விப்பட்டார். ஆவலோடு ஓடினார்.

அங்கே கிடைத்த செய்தி அவர் நெஞ்சைப் பிளந்தது. பழைய ஏடுகள் குப்பை குப்பையாகக் கிடந்தனவாம். பழைய ஏட்டை நெய்யில் தோய்த்து ஓமம் செய்ய வேண்டும் என்று சாஸ்திரம் இருக்கிறதாம். அப்படியே செய்துவிட்டார்களாம்!

செய்தவர்கள் கெட்டவர்கள் அல்ல. புனிதமான காரியம் என்று நம்பியே செய்தார்கள்.

வேறு சில வீடுகளில் ஆடிப் பதினெட்டாம் பெருக்கின்போது சுவடிகளை ஆற்றில் விட்டார்கள். வீட்டில் படிப்பார் இல்லை, இடத்தை அடைக்கிறது, பூச்சி அரிக்கிறது. என்ன செய்வார்கள்?

இந்த வழக்கத்துக்குள் ஒரு நல்ல அறிவு ஒளிந்திருந்தது. ஓலை என்றும் நிலைப்பதல்ல. ஆகவே பழைய ஏடு நைந்ததும் புதிய ஓலையில் பிரதி எழுதுவார்கள். எழுதி முடித்த பிறகே பழையதை நீருக்கோ நெருப்புக்கோ கொடுப்பார்கள். காலம் போகப் போகப் பிரதி எழுதும் வழக்கம் நின்றுவிட்டது. அழிக்கும் வழக்கம் மட்டும் நின்றபாடில்லை! தமிழுக்கு வந்த கேடு இதுதான்.

உதிரி ஏட்டில் கிடைத்த பூக்கள்

பத்துப்பாட்டில் ஒன்று குறிஞ்சிப்பாட்டு. அதில் மலைநாட்டுப் பெண்கள் பறித்துக் குவித்த பூக்களின் பெயர்கள் வரிசையாக வருகின்றன. ஐயர் கையில் இருந்த பிரதிகளில் அந்த இடத்தில் சில அடிகள் இல்லை. பூக்களைக் காணோம்!

தேடிக்கொண்டே தருமபுரம் ஆதீனத்துக்குப் போனார். அங்கே கட்டுக் குலைந்த உதிரி ஏடுகள் கிடந்தன. பார்ப்பவர்களுக்கு அது குப்பை. ஐயர் அதை ஓலை ஓலையாகப் புரட்டினார். காணாமல் போன பூக்கள் அந்த உதிரி ஏட்டில் இருந்தன. அன்று யாராவது இடத்தைச் சுத்தம் செய்திருந்தால் அந்த அடிகள் போயே போயிருக்கும்.

அச்சேறிய செல்வம்

ஏட்டைக் கண்டுபிடித்தால் போதுமா? அதுவும் ஒரு நாள் நைந்துபோகும். அச்சிட்டுப் பல பிரதிகளாக்கினால்தான் அழியாது. கும்பகோணத்து வாத்தியாரிடம் அதற்குப் பணம் ஏது? புத்தகம் வாங்கிக்கொள்கிறோம் என்று பலரிடம் கையொப்பம் வாங்கினார். விடுமுறையில் சென்னைக்குப் போய், அச்சுக்கூடத்திலேயே பழியாய்க் கிடந்தார்.

1887-ல் சீவக சிந்தாமணி வெளிவந்தது. 1889-ல் பத்துப்பாட்டு. 1892-ல் சிலப்பதிகாரம். 1894-ல் புறநானூறு. 1898-ல் மணிமேகலை. பிறகு ஐங்குறுநூறு, பதிற்றுப்பத்து, பரிபாடல், குறுந்தொகை. மொத்தம் 90-க்கும் மேற்பட்ட நூல்கள்!

கிடைக்காதவையும் உண்டு. புறநானூற்றில் 267, 268 என்ற எண்களுக்கு இன்றும் பாட்டு இல்லை. பதிற்றுப்பத்தில் முதல் பத்தும் கடைசிப் பத்தும் இல்லை. பரிபாடலில் 70 பாட்டு இருந்தது என்பார்கள். முழுமையாகக் கிடைத்தவை 22. மற்றவை எந்த ஆற்றில் போயினவோ, எந்த நெருப்பில் வெந்தனவோ!

சிதம்பரத்தில் மூன்று ஆண்டு

1903-ல் ஐயர் சென்னை மாநிலக் கல்லூரிக்கு மாற்றப்பட்டார். 1906-ல் மகாமகோபாத்தியாயர் பட்டம் பெற்றார். 1919-ல் ஓய்வு பெற்றார். ஆனால் ஓய்ந்து உட்காரவில்லை.

சிதம்பரத்தில் அண்ணாமலைச் செட்டியார் மீனாட்சி தமிழ்க் கல்லூரியைத் தொடங்கினார். அதற்குத் தலைவராக வரும்படி ஐயரை அழைத்தார். 1924-ல் ஐயர் சிதம்பரம் வந்தார். அப்பொழுது அவருக்கு வயது 69. கடலூரைத் தலைநகராகக் கொண்ட பழைய தென்னார்க்காடு ஜில்லாவுக்கு அது ஒரு பேறு. 1927 வரை அங்கே இருந்து மாணவர்களை உருவாக்கினார். 1929-ல் சிதம்பரத்தில் அண்ணாமலைப் பல்கலைக்கழகம் தோன்றியது.

அவர் வந்து சேர்ந்த ஊர் எது? சுமார் 1,000 ஆண்டுகளுக்கு முன்பே சுவடி இழப்பைக் கண்ட ஊர்! சிதம்பரம் கோயிலில் பூட்டிய அறையில் தேவார ஏடுகள் கிடந்ததாகவும், இராசராச சோழனும் நம்பியாண்டார் நம்பியும் திறந்தபோது கறையான் புற்று மூடியிருந்ததாகவும், எஞ்சியதை மட்டும் எடுத்துத் தொகுத்ததாகவும் வரலாறு சொல்லி வருகிறார்கள். ஆக, எறிந்தாலும் ஆபத்து. பூட்டி வைத்து மறந்தாலும் ஆபத்து. ஒன்றைப் பலவாக்குவதே காப்பு.

இன்று நம் வீட்டில்

கடலூர்க் கரையோர மக்களுக்கு இழப்பு என்றால் என்ன என்று யாரும் சொல்லித் தர வேண்டாம். 2004 டிசம்பர் 26-ல் சுனாமி வந்தது. 2011 டிசம்பர் 30-ல் தானே புயல் வந்தது. பத்திரமும் படமும் வீட்டில் ஒரே ஒரு பிரதியாக இருந்தால், தண்ணீர் ஒரு நொடியில் கொண்டுபோய்விடும்.

பிள்ளையின் வீடியோ கேம் கருவிக்கும் இதே நியாயம்தான். 2017-ல் வந்த நின்டெண்டோ ஸ்விட்ச் கருவியை எடுத்துக்கொள்ளுங்கள். அதன் உள்ளே இருப்பது 32 ஜி.பி. இடம். சில பெரிய ஆட்டங்கள் ஏறினாலே நிரம்பிவிடும்.

அந்தக் கருவியில் இருப்பவை இரண்டு வகை. ஒன்று ஆட்டம். அது காசு கொடுத்து வாங்கியது. அழித்தாலும் அதே கணக்கில் மறுபடி இறக்கிக்கொள்ளலாம். மற்றொன்று, பிள்ளை பல நாள் ஆடி எட்டிய நிலை. அதைச் சேவ் என்பார்கள். அதைக் கடையில் வாங்க முடியாது.

ஆகவே முதலில் ஒரு மெமரி கார்டு போட்டு, ஆட்டங்களை அதற்கு மாற்றலாம். அப்படியும் போதாவிட்டால் ஆட்டத்தை மட்டும் நீக்கலாம். சேவ் உள்ளேயே தங்கும். சேவ்வை அழிக்கத் தனிப் பட்டியல் இருக்கிறது. அதில் கை வைக்கும் முன் பத்து முறை யோசிக்க வேண்டும். சேவ் மெமரி கார்டுக்கு மாறாது. கருவி பழுதானால் அதுவும் போகலாம். சந்தா கட்டியவர்களுக்குப் பெரும்பாலான ஆட்டங்களின் சேவ்வை இணையத்தில் இன்னொரு பிரதியாக வைக்கும் வசதி உண்டு.

திரும்பக் கிடைப்பதை அழித்து இடம் செய்யலாம். திரும்பக் கிடைக்காததைப் பிரதி எடுக்காமல் அழிக்கக் கூடாது. குழந்தையின் குரல் பதிவானாலும், தாத்தாவின் கைக்கணக்கு நோட்டானாலும் இதுவே கணக்கு.

கடைசி நாள் வரை

1932-ல் சென்னைப் பல்கலைக்கழகம் ஐயருக்கு டாக்டர் பட்டம் வழங்கியது. 1937-ல், 82 வயதில், குறுந்தொகையைப் பதிப்பித்தார். தம் வாழ்க்கை வரலாற்றை ஆனந்த விகடனில் வாரந்தோறும் எழுதினார்.

இரண்டாம் உலகப் போரின்போது சென்னையில் குண்டு விழும் என்ற பயம் பரவியது. ஐயர் திருக்கழுக்குன்றத்துக்கு இடம் மாறினார். 1942 ஏப்ரல் 28-ந் தேதி அங்கே காலமானார். வயது 87.

மறு ஆண்டு, 1943-ல், அவர் சேர்த்த சுவடிகளையும் நூல்களையும் காக்கச் சென்னையில் அவர் பெயரால் நூல் நிலையம் தோன்றியது. ருக்மிணி தேவி அருண்டேல் அதற்குத் துணை நின்றார்.

பரணில் இடம் இல்லை என்று நெருப்பிலும் ஆற்றிலும் போன செல்வத்தில், ஒரு மனிதர் தம் கைக்கு எட்டியதை மீட்டார். இன்று சிலப்பதிகாரமும் புறநானூறும் பள்ளிப் பிள்ளையின் பாடப் புத்தகத்தில் இருக்கின்றன. அவர் பிரதி எடுத்தார். அதனால் அவை இருக்கின்றன.