காந்தியைத் தேடித் திரட்டிய ஏ.கே. செட்டியார்

தமிழ்த் திரைப்பட வரலாறு எழுதுவோர் 1937ஆம் ஆண்டைச் 'சிந்தாமணி'யும் 'அம்பிகாபதி'யும் வெளிவந்த ஆண்டாகவே நினைவுகூர்வர். பாட்டுக்காகவே மக்கள் கொட்டகைகளில் திரண்ட காலம் அது. அவ்வாண்டு அக்டோபர் 2ஆம் நாள், நியூயார்க்கிலிருந்து அயர்லாந்து நோக்கிச் சென்ற கப்பலில், இருபத்தைந்து வயதுத் தமிழர் ஒருவரின் உள்ளத்தில் நடிகரே இல்லாத படம் ஒன்று கருக்கொண்டது. அன்று காந்தியடிகளின் பிறந்தநாள். அவ்விளைஞரே, ஏ.கே. செட்டியார் எனத் தமிழுலகம் அறிந்த அ. கருப்பன் செட்டியார் ஆவார்.

செட்டிநாட்டுக் கோட்டையூரில் 1911இல் பிறந்த அவர் திருவண்ணாமலையில் பயின்றார். இரங்கூனில் 'தனவணிகன்' இதழை நடத்தினார். டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் நிழற்படக் கலை கற்றார். எழுத்தும் படக்கருவியும் இவ்வாறு இளமையிலேயே ஒருவரிடம் கூடின.

காந்தியடிகளோ படக்கருவியின் முன் நின்று காட்சி தரும் இயல்பினர் அல்லர். ஆகவே செட்டியார் புதிதாகப் படம்பிடிப்பதோடு நில்லாமல், ஏற்கெனவே பிறர் பிடித்து வைத்திருந்தவற்றைத் தேடத் துணிந்தார். இதற்கெனவே 'டாக்குமெண்டரி பிலிம்ஸ் லிமிடெட்' என்னும் நிறுவனம் கண்டார். நான்கு கண்டங்களில் ஏறத்தாழ 1,00,000 மைல் பயணம் செய்தார். முப்பது ஆண்டுகளில் நூறு படப்பிடிப்பாளர் எடுத்த சுருள்களிலிருந்து 50,000 அடி சேர்ந்தது. கோகலே 1912இல் தென்னாப்பிரிக்கா சென்றபோது எடுத்த காட்சியும், 1930ஆம் ஆண்டின் தண்டி யாத்திரையும் அவற்றுள் அடங்கும். புதிய காட்சிகளைப் படமாக்கப் பி.வி. பதி துணைநின்றார். தேடல் முடிவதற்குள் உலகப் போரும் மூண்டுவிட்டது. அக்காலப் படச்சுருள் எளிதில் தீப்பற்றும் இயல்புடையது என்பதையும் சேர்த்து எண்ணினால், அதனைக் கடல் கடந்து சுமந்து வந்தவரின் நெஞ்சுரம் விளங்கும்.

திரட்டியதைக் காட்டிலும் விலக்கியதே கடினமாக இருந்திருக்க வேண்டும். 50,000 அடி 12,000 அடியாகச் சுருங்கியது. அதாவது இரண்டேகால் மணிக்குச் சற்றுக் குறைந்த படம். சொற்சுருக்கம் பயிலும் கவிஞர்க்கு இந்தக் கணக்கு அயலானதன்று. 1940 ஆகஸ்டு 23இல் படம் சென்னையில் தமிழில் வெளிவந்தது. பின்னர்த் தெலுங்கிலும் வந்தது. இந்தி வடிவம் 1947 ஆகஸ்டில் புதுதில்லியில் காட்டப்பெற்றது. ஆங்கில வடிவம் 1953இல் அமெரிக்காவில் வெளியாயிற்று.

இத்துணைப் பணிக்குப் பின் அவர் திரையுலகில் இடம் தேடவில்லை. 1943இல் 'குமரி மலர்' இதழைத் தொடங்கி, பழைய இதழ்களிலும் நூல்களிலும் புதைந்து கிடந்தவற்றை எடுத்து மறுபதிப்புச் செய்தார். படச்சுருள் தேடிய அதே கைகள் மங்கிய தாள்களையும் தேடின என்று கொள்ளலாம். 'உலகம் சுற்றும் தமிழன்' முதலிய பயண நூல்கள் அவருக்குப் பெரும்புகழ் ஈட்டின. அப்புகழின் நிழலில் அவருடைய மற்றோர் எழுத்து உரிய கவனம் பெறவில்லை.

காந்தி படம் உருவான கதையை அவரே 'குமரி மலரில்' எழுதினார். எந்த நாட்டில் எந்தச் சுருள் கிடைத்தது, யார் தந்தார், யார் கைவிரித்தார் என்பனவெல்லாம் அதில் உள. சிறு வாக்கியங்கள், மெல்லிய நகை, தற்பெருமை மருந்துக்கும் இல்லை. பிறர் செய்த படங்களைப் பற்றி எழுதப்பட்ட வரலாறுகள் தமிழில் பல உண்டு. தாம் செய்த ஆவணப்படத்தின் வரலாற்றைச் செய்தவரே அடிச்சுவடு பிசகாமல் எழுதி வைத்தது அரிதினும் அரிது. ஒருவகையில் அவரது அடக்கமே அவருக்குப் பகையாயிற்று எனலாம். தம்மை முன்னிறுத்தாதவரைத் திரைப்பட வரலாறு எளிதில் மறந்தது.

செட்டியார் 1983 செப்டம்பரில் மறைந்தார். அவர் அரும்பாடுபட்டு ஆக்கிய படமும் நெடுங்காலம் எவர் கண்ணிலும் படாமல் போயிற்று. அவ்வெழுத்துகளை ஆ. இரா. வேங்கடாசலபதி தொகுத்துப் பதிப்பிக்க, 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்னும் நூலாக 2003இல் வெளிவந்தன. படத்தின் சுருங்கிய ஆங்கில வடிவம் அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் பின்னர்க் கண்டெடுக்கப்பட்டது.