இரண்டு முறை புதைத்தும் மண்ணில் தங்காதவர்



மம்மி என்றதும் உங்களுக்கு எகிப்துதான் நினைவுக்கு வரும். அங்கே அரசர் இறந்தால் உள்ளுறுப்புகளை எடுத்துவிட்டு, இதயத்தை மட்டும் உடலிலேயே விட்டு, நேட்ரான் என்ற உப்பில் உலர்த்தித் துணியால் சுற்றுவார்கள். எல்லாம் முடிய 70 நாட்கள் ஆகும். நம் நொய்யல் கரையிலும் இறந்தவரை வெறுங்கையோடு அனுப்பவில்லை. கொடுமணலில் அகழ்ந்த பெருங்கற்காலக் கல்லறைகளில் சூதுபவள மணிகள் கிடைத்தன.

இப்படி எந்த ஏற்பாடும் இல்லாமல், சீக்கிரம் மட்கட்டும் என்றே புதைக்கப்பட்டு, இன்றும் பேழையில் இருக்கிறார் ஒருவர். நம் தமிழ்க் கடற்கரையில் நடந்தவர். பெயர் பிரான்சிஸ் சவேரியார்.

1506 ஏப்ரல் 7 அன்று, இன்றைய ஸ்பெயினில் உள்ள நவார் நாட்டில், சேவியர் கோட்டையில் பிறந்தார். வசதியான குடும்பம். பாரிஸில் படிக்கும்போது இஞ்ஞாசியாரின் நட்பு கிடைத்தது. இயேசு சபையைத் தொடங்கியவர்களில் ஒருவரானார். 1541இல் லிஸ்பனில் கப்பல் ஏறி, 1542 மே மாதம் கோவா வந்தார். அந்த ஆண்டே முத்துக்குளித்துறைக்கு வந்துவிட்டார்.

அவருக்குத் தமிழ் தெரியாது. தெரிந்தவர்களை உட்கார வைத்து ஜெபங்களைத் தமிழாக்கி, மனப்பாடம் செய்துகொண்டார். பிறகு கையில் மணியோடு தெருத்தெருவாகப் போய்ப் பிள்ளைகளைக் கூட்டிச் சொல்லிக் கொடுத்தார். 1544இல் வடுகர் படைக்குப் பயந்து பரதவ மக்கள் குமரிமுனைப் பாறைகளில் பசியோடு ஒதுங்கியபோது, படகுகளில் உணவு எடுத்துப் புறப்பட்டார். எதிர்காற்று விடவில்லை. திரும்பி வந்து, நடந்தே போய்ச் சேர்ந்தார்.

குறையையும் சொல்ல வேண்டும். மக்களை வருத்திய போர்ச்சுகீசிய அதிகாரிகளைக் கண்டித்த அதே மனிதர், கோவாவில் மத விசாரணை மன்றம் வேண்டும் என்று 1546இல் போர்ச்சுகல் அரசருக்கு எழுதினார். அவர் இறந்து 8 ஆண்டுகள் கழித்து, 1560இல் அது வந்தது. பலர் அதனால் துன்பப்பட்டார்கள்.

மலாக்கா, மலுக்கு தீவுகள், 1549இல் ஜப்பான் என்று பயணம் நீண்டது. சீனாவுக்குள் நுழையக் காத்திருந்தபோது, சான்சியான் தீவில் ஒரு குடிசையில் காய்ச்சலில் படுத்தார். 1552 டிசம்பர் 3 அன்று உயிர் பிரிந்தது. வயது 46. கடைசி வரை உடனிருந்தவர் அந்தோணி என்ற சீன இளைஞர்.

மரப்பெட்டியில் உடலை வைத்துச் சுண்ணாம்பைக் கொட்டிப் புதைத்தார்கள். தசை கரைந்தால் எலும்பை எளிதாகக் கொண்டுபோகலாம் என்பது எண்ணம். 1553 பிப்ரவரியில் தோண்டினால், உடல் அழியாமல் இருந்தது. மலாக்காவில் பெட்டி இல்லாமல் வெறும் மண்ணில் மறுபடியும் புதைத்தார்கள். சில மாதங்களில் அங்கிருந்தும் எடுத்து, 1554 மார்ச்சில் கோவா கொண்டுவந்தார்கள்.

1614இல் வலது முன்கையை வெட்டி ரோமுக்கு அனுப்பினார்கள். 1622இல் புனிதர் பட்டம் வந்தது. 1637இல் கோவா பொற்கொல்லர்கள் வெள்ளிப் பேழை செய்து முடித்தார்கள். எகிப்தில் பொன் பேழை செய்வித்தவர் அரசர். இங்கே ஒன்றும் வைத்துக்கொள்ளாத ஒருவருக்குப் பிறர் செய்த வெள்ளி இது.

கோவா போனால் போம் ஜீசஸ் பசிலிக்காவில் அந்தப் பேழையை நீங்கள் பார்க்கலாம். உயரத்தில் இருக்கும். பத்தாண்டுக்கு ஒரு முறை கீழே இறக்குவார்கள். கடைசியாக 2024 நவம்பர் 21 முதல் 2025 ஜனவரி 5 வரை மக்கள் பார்வைக்கு வைத்தார்கள். நான்கு நூற்றாண்டுகளுக்கு மேல் ஆனதால், உலர்ந்து சுருங்கிய உடல்தான் உள்ளே இருக்கிறது.

அவ்வளவு தூரம் போக முடியாதவர்கள் நாகர்கோவில் பக்கம் போகும்போது கோட்டாறு சவேரியார் பேராலயத்தையும் மணப்பாட்டையும் பாருங்கள். உடல் இருப்பது கோவாவில் என்றாலும், அவர் நடந்த மண் அதுதான். நம் ஜெபமாலை அன்னை ஆலயத்துக்கு வருகிறவர்களிலும் சேவியர், சவேரி என்ற பெயர்காரர்கள் இருப்பார்கள். அடுத்த முறை அவர்களைப் பார்க்கும்போது, அந்தப் பெயர் எவ்வளவு தூரம் நடந்து இங்கே வந்தது என்று பிள்ளைகளுக்குச் சொல்லுங்கள்.