வ.வே.சு. ஐயர்: துப்பாக்கியும் எழுதுகோலும்

திருச்சிராப்பள்ளியைச் சேர்ந்த வரகனேரியில் 1881ஆம் ஆண்டு ஏப்ரல் 2ஆம் நாள் பிறந்தவர் வ.வே.சு. ஐயர். திருச்சியிலும் இரங்கூனிலும் வழக்கறிஞராகத் தொழில் நடத்திய அவர், பாரிஸ்டர் படிப்பை நாடி இலண்டன் சென்றார். சட்டம் பயிலச் சென்றவரை அங்கிருந்த இந்தியா இல்லம் புரட்சியாளராக்கியது. சாவர்க்கரின் நெருங்கிய நட்பும் அங்கேதான் வாய்த்தது. ஏடு புரட்டிய கை குறிபார்த்துச் சுடவும் பழகியது.

அக்காலப் புரட்சியாளர் நாடிய கைத்துப்பாக்கிகள் இருவகை. ஒன்று சுழல்துப்பாக்கி. அதன் நடுவிலுள்ள உருளையில் பெரும்பாலும் ஆறு அறைகள் இருக்கும். அறைக்கு ஒரு தோட்டா. விசையை இழுத்தால் உருளை ஓர் அறை அளவு சுழன்று, அடுத்த தோட்டாவைக் குழலுக்கு நேராக நிறுத்தும். பின்னுக்கு எழுந்த சுத்தி விடுபட்டுத் தோட்டாவின் அடிப்புறத்தைத் தாக்கும். மருந்து எரிந்து எழும் வாயு குண்டைக் குழலின்வழி உந்தித் தள்ளும். குழலின் உட்சுவரில் வெட்டப்பட்ட புரிகள் குண்டைச் சுழலச் செய்வதால், அது தடுமாறாது நேராகப் பாயும். மற்றொன்று பெல்ஜியத்தில் உருவான பிரௌனிங் வகை. அதில் சுழலும் உருளை இல்லை; தோட்டாக்கள் கைப்பிடிக்குள் அடுக்கப்பட்டிருக்கும். சுடும்போது எழும் பின்னுதைப்பே வெற்றுக் கூட்டை வெளியே தள்ளி, அடுத்த தோட்டாவை ஏற்றிவிடும். மறைத்து எடுத்துச் செல்ல எளிய கருவி அது.

அத்தகைய பிரௌனிங் துப்பாக்கிகள் இருபதைச் சாவர்க்கர் இந்தியாவுக்கு மறைவாக அனுப்பினார். அவற்றுள் ஒன்றால் 1909 டிசம்பரில் நாசிக் ஆட்சியர் ஜாக்சன் சுடப்பட்டார். தடயம் இலண்டனை எட்டியது. 1910இல் சாவர்க்கர் கைதானார். ஐயர் மாறுவேடத்தில் தப்பினார். வழியில் அவரை ஐயுற்றோர் பெட்டியில் பொறித்திருந்த மூன்று ஆங்கில எழுத்துகளைச் சுட்டிக் கேட்க, அவை வீர விக்கிரம சிங் என்னும் தம் பெயரின் முதலெழுத்துகள் என்று அவர் தயங்காது விடையிறுத்ததாகக் கூறுவர்.

புதுச்சேரியில் பாரதியாரும் அரவிந்தரும் இருந்தனர். பிரெஞ்சு ஆட்சியின் நிழலில் ஐயரும் அங்கே தங்கினார். அவரிடம் துப்பாக்கிப் பயிற்சி பெற்றவர்களுள் செங்கோட்டை வாஞ்சிநாதன் ஒருவர். 1911 ஜூன் 17 அன்று மணியாச்சி இரயில் நிலையத்தில், திருநெல்வேலி ஆட்சியர் ஆஷை வாஞ்சிநாதன் பிரௌனிங் துப்பாக்கியால் சுட்டுக் கொன்றார்; அதே துப்பாக்கியால் தம் உயிரையும் போக்கிக்கொண்டார். அப்போது அவருக்கு அகவை இருபத்தைந்து. கற்பித்தவர் உயிரோடிருக்க, கற்றவர் மறைந்தார். கருவியின் உறுப்புகள் ஒவ்வொன்றும் தத்தம் வேலையைப் பிழையின்றிச் செய்தன. விசை இழுபட்டபின் எதையும் மீட்டெடுக்கும் உறுப்பு அதில் இல்லை.

அதன்பின் ஒற்றர்களின் கண்காணிப்பு இறுகியது. ஐயரின் நாட்கள் எழுத்தில் கழிந்தன. முதல் உலகப் போர்க்காலத்தில், நாடு கடத்தப்படலாம் என்னும் அச்சத்திற்கிடையே, திருக்குறள் முழுவதையும் ஆங்கிலத்தில் பெயர்த்தார். 1916இல் அது நூலாயிற்று. தமிழ்ச் சிறுகதையின் தொடக்ககாலப் படைப்பாகப் போற்றப்படும் 'குளத்தங்கரை அரசமரம்' அவர் எழுதியதே. ஒரு பெண்ணின் துயரத்தை மரமே சொல்லும் கதை அது. துப்பாக்கி பயிற்றிய மனிதரிடம் இத்தனை கனிவு இருந்தது வியப்புக்குரியது.

பொதுமன்னிப்புக்குப்பின் 1920இல் தாயகம் திரும்பிய ஐயர், காந்தியடிகளின் அறவழியை ஏற்றார். 'தேசபக்தன்' இதழின் ஆசிரியராக இருந்தபோது 1921இல் சிறைப்பட்டார். பெல்லாரிச் சிறையில் கம்பராமாயணம் பற்றி ஆங்கிலத்தில் ஆய்வுநூல் எழுதினார். 1922இல் சேரன்மாதேவியில் அவர் நடத்திய குருகுலத்தில், பிராமண மாணவர் இருவர் தனியே உண்ண இடமளித்தது பெரும் கிளர்ச்சியை எழுப்பியது. பெரியாரும் வரதராஜுலு நாயுடுவும் அதை உறுதியாக எதிர்த்தனர். பொதுப்பணம் பெற்ற நிறுவனத்தில் பந்தி பிரிந்ததற்கு நியாயம் கூறுதல் அரிது. முடிவில் ஐயர் பொறுப்பிலிருந்து விலகினார்.

அவ்வாண்டு, 1925 ஜூன் மாதம், மாணவர்களுடன் பாபநாசம் கல்யாண தீர்த்தத்திற்குச் சென்றார். அங்கே மகள் சுபத்திரை நீரில் விழ, காப்பாற்ற அருவியில் குதித்தார். இருவரும் மீளவில்லை. ஐயருக்கு அப்போது வயது 44.