‘ஜெய் பீம்’ ராஜாக்கண்ணு: நிஜத்தில் யார் இவர்?

2021-ல் வந்த ‘ஜெய் பீம்’ படத்துல ராஜாக்கண்ணுவை இருளராகக் காட்டியிருப்பாங்க. நிஜ ராஜாக்கண்ணு குறவர். ஊர், கள்ளக்குறிச்சி மாவட்டத்தை ஒட்டிய விருத்தாசலம் பக்கம் உள்ள முதனை. கூலி வேலை செய்து குடும்பத்தை ஓட்டியவர்.

1993 மார்ச்சில் பக்கத்து ஊரில் நகை திருடு போனது. கம்மாபுரம் போலீஸ் நேராக இவர் குடும்பத்தைத் தேடி வந்தது. ஏன் இவர்? பிறந்த சமூகத்தை வைத்தே ஆட்களைத் திருடர் பட்டியலில் சேர்த்தது, 1871-ல் ஆங்கிலேயர் கொண்டுவந்த குற்றப் பரம்பரைச் சட்டம். குறவர்களும் அந்தப் பட்டியலில் இருந்தார்கள். 1952-ல் சட்டம் போயிடுச்சு, சந்தேகம் போகலை.

ஸ்டேஷனில் அடி. அப்புறம், ஆள் தப்பி ஓடிட்டதா போலீஸ் சொன்னது. அவர் உடலோ வேறு எல்லையில், அடையாளம் தெரியாத சடலமாகக் கணக்கில் ஏறியிருந்தது. அமெரிக்காவில் ஜார்ஜ் ஃபிளாய்டு சாகும்போது கேமரா இருந்தது. 11 மாதத்தில் தீர்ப்பும் வந்தது. இங்கே உடல் யாருடையது என்பதற்கே போராட்டம்.

மனைவி பார்வதி விடவில்லை. மார்க்சிஸ்ட் கட்சியினர் துணை நிற்க, வழக்கறிஞர் கே.சந்துரு மூலம் சென்னை உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு போட்டார். விசாரணை நீதிமன்றம் போலீஸாரை விடுவித்தது. 2006-ல் உயர் நீதிமன்றம் அதை மாற்றி, அவர்களைக் குற்றவாளிகள் என்றது. அதற்குள் 13 வருஷம் ஓடியிருந்தது.