பந்து மோதலும் பௌதிகமும்: பேராசிரியர் சேர் சி. வி. இராமன் வரலாறு

விளையாட்டு வேறு, கல்வி வேறு என்று எண்ணுவோர் எம்மவருள் இன்றும் பலர் உளர். மாலைப் பொழுதில் மைதானத்திலே பந்தோடு நிற்கும் மகனைக் கண்ட பெற்றோர், அவன் படிப்புப் பாழாகின்றதே என்று கவலையுறுகின்றனர். ஆசிரியர் சிலரோ, விளையாட்டிற் சிறந்தவன் ஆய்வுகூடத்துக்கு உரியவன் அல்லன் என்று முடிவுகட்டி விடுகின்றனர். இவ்விரு எண்ணங்களும் பிழையென்பதைக் காட்டுதற்குத் தமிழ்நாடு ஈன்ற பெரியார் ஒருவருடைய வரலாறே போதுமானது. அவர்தாம் பேராசிரியர் சேர் சந்திரசேகர வேங்கட இராமன். ஒளிச் சிதறல் பற்றிய அவருடைய கண்டுபிடிப்பை எம் மாணவர் யாவரும் பாடப் புத்தகத்திற் படித்திருப்பர். இரண்டு பந்துகள் ஒன்றோடொன்று மோதும்போது நிகழ்வது யாது என்பதையும் அவர் வருந்தி ஆராய்ந்தார் என்பது பலரும் அறியாத செய்தி. எமது கல்லூரியின் இவ்விழா மலரிலே அதனை எடுத்துரைக்க விரும்புகின்றோம்.

இராமன் 1888 ஆம் ஆண்டு நவம்பர் 7 ஆம் நாள், திருச்சிராப்பள்ளியை அடுத்த திருவானைக்காவிலே பிறந்தார். தந்தையார் சந்திரசேகர ஐயர் ஓர் ஆசிரியர். இராமன் சிறு குழந்தையாய் இருந்தபோதே, விசாகப்பட்டினத்துக் கல்லூரியொன்றிலே கணிதமும் பௌதிகமும் கற்பிக்கும் பொருட்டுத் தந்தையார் குடும்பத்தோடு அங்குச் சென்றார். இல்லத்திலே நூல்கள் நிறைந்திருந்தன. வீணையின் ஒலியும் இருந்தது. பதினொரு வயதிலே மெற்றிக்குலேசன் தேர்விற் சித்தியெய்திய இராமன், சென்னை மாநிலக் கல்லூரியிற் சேர்ந்து, 1904 ஆம் ஆண்டிலே பௌதிகத்திற் பொற்பதக்கத்துடன் பி.ஏ. பட்டம் பெற்றார். 1906 ஆம் ஆண்டில், மாணவராய் இருந்தபோதே, அவருடைய முதலாவது ஆய்வுக் கட்டுரை இலண்டனில் வெளியாகும் விஞ்ஞான ஏடொன்றில் வெளிவந்தது. அடுத்த ஆண்டில் எம்.ஏ. பட்டமும் பெற்றார்.

இத்தகைய மாணவர் இங்கிலாந்து சென்று மேற்படிப்புப் படிப்பதே அக்கால வழக்கம். ஆனால் இராமனோ மெலிந்த உடலினர். அவரைப் பரிசோதித்த அரசாங்க வைத்தியர், அந்நாட்டுக் குளிரை இவ்வுடல் தாங்காதென்று கூறிவிட்டார். எனவே அவர் நிதித் திணைக்களத் தேர்வுக்குத் தோற்றி, முதலிடம் பெற்று, 1907 ஆம் ஆண்டிலே கல்கத்தாவிற் கணக்குத் துறை உத்தியோகத்தராய் அமர்ந்தார். வயது பத்தொன்பது நிறையவில்லை. அவ்வாண்டிலேயே உலோகசுந்தரி அம்மையாரை மணந்திருந்தார். நல்ல உத்தியோகம், நல்ல ஊதியம், நல்ல இல்லறம் ஆகிய மூன்றும் கைகூடிய பின்னர் வேறொன்றையும் நாடாதிருப்பவரே உலகிற் பெரும்பாலோர். இராமன் அவ்வாறு அமையவில்லை.

கல்கத்தாவிலே பௌபசார் வீதியில், மகேந்திரலால் சர்க்கார் என்னும் வைத்தியப் பெருமகன் 1876 ஆம் ஆண்டில் நிறுவிய இந்திய விஞ்ஞான விருத்திச் சங்கத்தின் கட்டடம் இருந்தது. அங்கே கருவிகள் இருந்தன. அவற்றைக் கையாள்வோர்தாம் அரியராயினர். அலுவலகம் செல்லுமுன் காலையிலும், அலுவல் முடிந்தபின் மாலையிலும் இராமன் அங்குச் சென்று ஆராய்ந்தார். ஆசுதோஷ் தே என்னும் உதவியாளரே அவருக்கு உற்ற துணை. இரங்கூனுக்கும் நாகபுரிக்கும் இடமாற்றம் பெற்றுச் சென்று, 1911 ஆம் ஆண்டிற் கல்கத்தா மீண்ட பின்னர் அவருடைய ஆராய்ச்சி மேலும் விரிந்தது. வயலின் நரம்பின் அதிர்வு, வீணையின் நாதம், மிருதங்கத்தின் சுருதி முதலியனவே அவர் அந்நாளிற் பெரிதும் ஆராய்ந்த பொருள்கள். ஹெல்மோல்ட்ஸ் இயற்றிய ஒலி நூலும் இறேலிப் பிரபுவின் நூல்களும் அவருக்கு வழிகாட்டின.

இசைக் கருவிகளை ஆராய்ந்தவர் பந்து மோதலுக்கு வந்தது எவ்வாறு என்று சிலர் வினவலாம். மத்தளத்தின் தோலை விரல் தாக்குவதும், பியானோவின் நரம்பைச் சுத்தியல் தாக்குவதும், பந்தை மட்டை தாக்குவதும் ஒரே இனத்தைச் சேர்ந்த நிகழ்ச்சிகளே. இரண்டு பொருள்கள் மிகக் குறுகிய நேரம் ஒன்றையொன்று தொட்டு, அழுத்தி, பின் விலகுகின்றன. அந்நேரத்தில் நிகழ்வதே பின்னர் எழும் ஒலியையும் அசைவையும் தீர்மானிக்கின்றது. கிரிக்கெற் பந்து மட்டையைத் தொட்டு நிற்கும் நேரம் செக்கனின் ஆயிரத்தில் ஒரு பங்கு அளவினதே. அக்கணத்திற்குள் நிகழ்வதை வெறுங்கண் காணாது.

பந்து விளையாட்டுக்களின் பௌதிகத்தை மூன்றாகப் பகுக்கலாம். பந்து அடிபடுவது ஒன்று. காற்றிலே பறப்பது ஒன்று. நிலத்திற் பட்டு எழுவது ஒன்று. இவற்றுள் பறத்தலை மேனாட்டார் முன்னரே ஆராய்ந்தனர். சுழலும் பந்து காற்றிலே வளைந்து செல்வதை நியூற்றன் ரெனிஸ் பந்திற் கவனித்தார். சுழலும் பொருள்மீது காற்றுச் செலுத்தும் பக்கவிசையை, 1852 ஆம் ஆண்டளவில் ஜேர்மானிய அறிஞர் மக்னஸ் பரிசோதனையாற் காட்டினார். 1877 ஆம் ஆண்டில் இறேலிப் பிரபு ரெனிஸ் பந்தின் வளைவு பற்றிக் கட்டுரை வரைந்தார். எடின்பரோப் பேராசிரியர் ரெயிற், கொல்ப் பந்து நெடுந்தூரம் பறப்பதற்கு அதன் பின்சுழற்சியே காரணம் என 1890 களில் விளக்கினார். உதைபந்தாட்டத்திலே மூலையுதை வளைந்து சென்று கோலினுட் புகுவதும் இவ்விதியின்பாற்பட்டதே. எஞ்சிய இரண்டும் மோதலைச் சார்ந்தவை. அங்கேதான் இராமனுடைய பணி அமைந்தது.

மோதலுக்கும் நியூற்றனே முதலில் விதி வகுத்தார். நூலிற் கட்டிய உருண்டைகளை ஊசலாட்டி மோதவிட்டு, மோதுமுன் அவை அணுகும் வேகத்துக்கும், மோதிய பின் விலகும் வேகத்துக்கும் உள்ள விகிதம் ஒவ்வொரு பொருளுக்கும் மாறாதது எனக் கொண்டார். அவ்விகிதமே எமது மாணவர் பிரயோக கணிதத்திற் படிக்கும் மீளமைவுக் குணகம். சத்தி சிறிதும் இழக்கப்படாவிடின் அதன் பெறுமானம் ஒன்று. களிமண் உருண்டைபோல் ஒட்டிக்கொண்டால் சுழியம். பந்தை ஓர் உயரத்திலிருந்து விழவிட்டு, அது எழும் உயரத்தை விழுந்த உயரத்தால் வகுத்து, வர்க்கமூலம் எடுத்தால் இக்குணகம் கிடைக்கும். சர்வதேச விதிப்படி 254 சதமமீற்றர் உயரத்திலிருந்து விழும் ரெனிஸ் பந்து 135 முதல் 147 சதமமீற்றர் வரை எழல்வேண்டும். அதன் குணகம் 0.73 க்கும் 0.76 க்கும் இடைப்பட்டது என்பது இதனாற் பெறப்படும்.

இக்குணகம் உண்மையில் மாறாததுதானா என்பதே இராமன் எழுப்பிய வினா. வேகமாய் மோதும்போது அது குறைகின்றது என்பதைப் பிறர் கண்டிருந்தனர். மிகமிக மெதுவாக மோதும்போது யாதாகும்? கண்ணாற் கண்டு அளத்தற்கு அவ்வசைவுகள் மிகச் சிறியன. இராமன் உருண்டைகளின் அசைவை நிழற்படத் தகட்டிற் பதிவுசெய்து அளந்தார். வேகம் குறையக் குறையக் குணகம் உயர்ந்து ஒன்றை அணுகுகின்றது எனக் கண்டார். இம்முடிவு 1918 ஆம் ஆண்டில் அமெரிக்கப் பௌதிக ஏடொன்றில் வெளிவந்தது. காரணமும் விளங்கத்தக்கதே. மெல்லத் தொடும்போது உலோகம் சிறிதே அமுங்கி மீண்டும் தன் வடிவை முற்றாக அடைகின்றது. வேகம் மிகும்போதோ தொடும் இடத்திலே நிலையான வடு உண்டாகிச் சத்தியின் ஒரு பகுதி அங்கே செலவாகின்றது.

இரண்டு ஆண்டுகளின் பின் 1920 இல் அவர் மற்றொரு கட்டுரை வெளியிட்டார். உருண்டை ஒன்று தட்டின்மேல் விழுந்தால், அது எழும் உயரம் உருண்டையை மட்டும் பொறுத்ததன்று. தட்டின் தடிப்பையும் பொறுத்தது. தட்டு மெல்லியதாயின், குளத்திற் கல்லெறிந்தாற்போல் அதிலே அலைகள் எழுந்து நாற்புறமும் சத்தியைக் கவர்ந்து செல்கின்றன; உருண்டை சோர்ந்து எழுகின்றது. ஜேர்மானிய அறிஞர் ஹேர்ட்ஸ் வகுத்த மோதற் கொள்கையைக் கொண்டு இவ்விழப்பை இராமன் கணித்துக் காட்டினார். உருண்டை தாக்கிய கண்ணாடியினுள் உண்டாகும் வெடிப்பின் வடிவங்களையும் 1919 இல் ஆராய்ந்தார்.

இராமன் கிரிக்கெற் மட்டையை ஆராய்ந்தவர் அல்லர். எனினும் அவர் காட்டிய வழியே மட்டையின் இரகசியமும் வெளியாகின்றது. மட்டையின் உரிய இடத்திற் பந்து பட்டால் அது அதிர்வதில்லை; சத்தி பந்துக்கே மீள்கின்றது; அடித்தவன் கையில் யாதொன்றும் உணரான். நுனியிலோ பிடியருகிலோ பட்டால் மட்டை அதிர்கின்றது, சத்தி அவ்வதிர்வுக்குச் செல்கின்றது, கை கூசுகின்றது, பந்தும் தூரம் போவதில்லை. ஆடுகளத்துக்கும் இஃது ஒக்கும். சீமெந்துத் தரையில் உயர எழும் பந்து முல்லைத்தீவுக் கடற்கரை மணலிலே செத்து விழுவதற்குக் காரணம், மணலின் துணிக்கைகள் ஒன்றோடொன்று உராய்ந்து சத்தியை உண்டுவிடுவதே. கரம் விளையாட்டிலே மெல்லத் தட்டிய காய் ஏறக்குறைய முழு வேகத்தையும் மற்றக் காய்க்கு அளிப்பதையும், பிடியெடுப்பவன் பந்தோடு கையைப் பின்னிழுத்து மோதல் நேரத்தை நீட்டுவதையும் எமது சிறுவர் நாடோறும் செய்கின்றனர். செய்வதன் காரணத்தை அவர்க்கு உணர்த்துவார்தாம் வேண்டும்.

இம்மோதல் ஆராய்ச்சிகள் வெளிவந்த காலமே இராமன் தம் வாழ்விற் பெருந்துணிவு காட்டிய காலமுமாகும். கல்கத்தாப் பல்கலைக்கழகத்திற் பாலித் பேராசிரியர் பதவி அவரை நாடிவந்தது. அதனை ஏற்பின் ஊதியம் ஏறத்தாழப் பாதியாகும். வெளிநாட்டிற் பயிற்சி பெற்றவரே அப்பதவிக்கு உரியர் என்ற விதியும் இருந்தது. அதன் பொருட்டுக் கடல் கடந்து செல்ல இராமன் இசையவில்லை; விதியே தளர்த்தப்பட்டது. 1917 ஆம் ஆண்டில் அரசாங்க உத்தியோகத்தைத் துறந்து பேராசிரியரானார். பொருளை அன்றி அறிவையே பெரிதாகக் கருதிய அச்செயல் இல்லையேல் பின்வந்த புகழ் யாவும் இல்லை.

1921 ஆம் ஆண்டில் இங்கிலாந்து சென்று மீளும் கப்பற் பயணத்திலே மத்தியதரைக் கடலின் நீலநிறம் அவர் கருத்தைக் கவர்ந்தது. அன்று தொடங்கிய ஆராய்ச்சி, கே. எஸ். கிருஷ்ணன் என்னும் தமிழரும் உடனுழைக்க, 1928 ஆம் ஆண்டு பெப்ருவரி 28 ஆம் நாள் இராமன் விளைவாக முடிந்தது. 1924 இல் இலண்டன் றோயற் சங்க உறுப்புரிமையும், 1929 இற் சேர் பட்டமும், 1930 இல் நொபெல் பரிசும் அவரை வந்தடைந்தன. விஞ்ஞானத்துக்கு நொபெல் பரிசு பெற்ற முதல் ஆசியர் அவரே. 1933 இற் பெங்களூர் சென்று விஞ்ஞானக் கழகத்தை நடத்தினார். 1948 இற் தமது பெயரால் ஓர் ஆராய்ச்சி நிலையம் அமைத்தார். 1954 இற் பாரத இரத்தினம் ஆனார். 1970 ஆம் ஆண்டு நவம்பர் 21 ஆம் நாள், தாம் வளர்த்த அந்நிலையத்திலே உயிர்நீத்தார்.

இவ்வரலாறு எம் வன்னி மாணவர்க்குக் கூறும் பாடம் யாது? 2008, 2009 ஆம் ஆண்டுகளின் போரிலே கிளிநொச்சி, முல்லைத்தீவு மாவட்டப் பாடசாலைகள் இடம்பெயர்ந்தன; கட்டடங்கள் இடிந்தன; ஆய்வுகூடங்களும் நூலகங்களும் அழிந்தன. இழந்தவை மீள வரல்வேண்டும். அதற்காகப் பழைய மாணவராகிய நாம் உழைத்தல் கடன். ஆயினும் யாவும் வந்து சேருமட்டும் விஞ்ஞானம் காத்திருக்க வேண்டியதில்லை. நூலிற் கட்டிய இரண்டு உருண்டைகளே இராமனுக்கு ஓர் ஆராய்ச்சிப் பொருளாய் அமைந்தன. எமது மாணவன் ஒரு போளையையும் ஒரு மீற்றர்க் கோலையும் எடுக்கட்டும். சீமெந்திலும், பலகையிலும், மழைபெய்த செம்மண்ணிலும், கோடையிற் காய்ந்த நிலத்திலும் அதனை விழவிட்டு, எழும் உயரங்களைக் குறித்துக்கொள்ளட்டும். பின்னர் ஒரு ரெனிஸ் பந்தை வெவ்வேறு உயரங்களிலிருந்து விழவிட்டு, குணகம் மாறுகின்றதா என்று தானே கணிக்கட்டும். புத்தகம் கூறுவதை அளந்து பார்த்தே ஏற்கும் பழக்கம் அவனிடம் அவ்வாறு உண்டாகும். இராமனை இராமன் ஆக்கியதும் அப்பழக்கமே.

ஆதலின் பெற்றோரும் ஆசிரியரும் மைதானத்தை வெறுத்தல் வேண்டா. பந்து ஏன் அவ்வாறு எழுந்தது என்று ஒரு சிறுவன் கேட்பானாயின், அன்றைய விளையாட்டு வீண்போகவில்லை என்று கொள்க. அவ்வினாவை அடக்காது வளர்க்கும் ஆசிரியர்கள் எமது கல்லூரியில் என்றும் நிறைந்திருப்பாராக. மைதானமும் ஆய்வுகூடமும் ஒருங்கே சிறக்க, கல்லூரி அன்னை நீடூழி வாழ்க என இறைவனை வேண்டி அமைகின்றோம்.