பாரதியும் இந்தியா வார இதழும்

சுப்பிரமணிய பாரதி (டிசம்பர் 11, 1882 - செப்டம்பர் 11, 1921) கவிஞராகவே பெரிதும் அறியப்படுகிறார். ஆயினும் அவர் தமிழ் அரசியல் இதழியலின் முன்னோடிகளுள் ஒருவருமாவார். அவர் நடத்திய இந்தியா வார இதழ் முதலில் சென்னையிலிருந்தும், பின்னர் பிரெஞ்சு ஆட்சியிலிருந்த புதுச்சேரியிலிருந்தும் வெளிவந்தது.

இளமையும் இதழியல் நுழைவும்

பாரதி எட்டயபுரத்தில் சின்னசாமி ஐயருக்கும் இலட்சுமி அம்மாளுக்கும் மகனாகப் பிறந்தார். 1897 இல் செல்லம்மாளை மணந்தார். காசியில் சில ஆண்டுகள் கற்றபின், 1904 இல் மதுரை சேதுபதி உயர்நிலைப் பள்ளியில் தமிழாசிரியராகச் சிலகாலம் பணிபுரிந்தார். அவ்வாண்டின் இறுதியில் ஜி. சுப்பிரமணிய ஐயரின் சுதேசமித்திரன் நாளிதழில் துணையாசிரியரானார். 1905 இல் பெண்களுக்கான சக்கரவர்த்தினி மாத இதழின் ஆசிரியப் பொறுப்பையும் ஏற்றார்.

சென்னையில் இந்தியா

வங்கப் பிரிவினைக்குப் பின் சுதேசி இயக்கம் வலுப்பெற்ற காலத்தில், 1906 மே மாதத்தில் இந்தியா தொடங்கப்பட்டது. மண்டயம் குடும்பத்தைச் சேர்ந்த திருமலாச்சாரியார் இதன் உரிமையாளர். இதழ் திலகரின் தீவிரவாதப் பிரிவை ஆதரித்தது, வ. உ. சிதம்பரம் பிள்ளையின் சுதேசிக் கப்பல் முயற்சிக்கும் துணைநின்றது. தமிழ் இதழ்களில் அரசியல் கேலிச்சித்திரங்களை முதன்முதலில் தொடர்ந்து வெளியிட்ட பெருமை இதற்குண்டு. எழுத்தறிவு குறைந்திருந்த அக்காலத்தில், கட்டுரையைப் படிக்க இயலாதவருக்கும் அதன் கருத்தைச் சித்திரங்கள் கொண்டுசேர்த்தன.

கைதும் இடப்பெயர்வும்

1908 ஜூலையில் வ. உ. சி. க்குக் கடுந்தண்டனை விதிக்கப்பட்டது. அடுத்த மாதம் இந்தியா மீது இராசத்துரோக வழக்குத் தொடரப்பட்டது. எழுதியவர் பாரதியாயினும், அரசுப் பதிவேட்டில் ஆசிரியராக இருந்தவர் மு. சீனிவாசன். எனவே அவரே கைதுசெய்யப்பட்டு ஐந்தாண்டுச் சிறைத்தண்டனை பெற்றார். நண்பர்களின் வற்புறுத்தலால் பாரதி புதுச்சேரிக்குச் சென்றார்.

புதுச்சேரியில் இந்தியா

1908 அக்டோபரில் இதழ் புதுச்சேரியிலிருந்து மீண்டும் வெளிவரலாயிற்று. பிரித்தானியரின் சட்டம் அங்கு செல்லாது என்பதே அவ்வூரின் பாதுகாப்பு. ஆனால் வாசகர்களுள் பெரும்பாலோர் பிரித்தானிய இந்தியாவில் வாழ்ந்தனர். இதழ் எல்லையைக் கடந்தாலன்றி அவர்களை அடைய இயலாது. இந்நிலையைப் பயன்படுத்திய பிரித்தானிய அரசு, தன் எல்லைக்குள் இதழ் நுழைவதைத் தடுத்தது. அச்சிட உரிமையிருந்தும் விற்க வழியின்றி, 1910 மார்ச்சில் இந்தியா நின்றது. பாரதி தொடர்புகொண்டிருந்த விஜயா நாளிதழும் இதே காலத்தில் நலிந்து மறைந்தது.

இறுதிக் காலம்

1911 இல் மணியாச்சியில் ஆட்சியர் ஆஷ் கொல்லப்பட்டபின் புதுச்சேரியிலிருந்த தேசியவாதிகள் மீது ஒற்றர் கண்காணிப்பு மிகுந்தது. தமக்கென இதழ் இல்லாத இவ்வாண்டுகளில்தான் பாஞ்சாலி சபதம், கண்ணன் பாட்டு, குயில் பாட்டு முதலிய படைப்புகளைப் பாரதி உருவாக்கினார். 1918 நவம்பரில் புதுச்சேரியை விட்டு வெளியேறியபோது கடலூர் அருகே கைதாகி, சில வாரங்களில் விடுதலையானார். 1920 இல் மீண்டும் சுதேசமித்திரனில் சேர்ந்து, இறக்கும்வரை அதில் பணியாற்றினார்.

புதுச்சேரி ஈசுவரன் தருமராசா கோயில் தெருவில் அவர் வாழ்ந்த இல்லம் நினைவில்லமாகப் பேணப்படுகிறது.